காரணம் எழுதாத இடமாற்றக் கடிதம்



கோழி மேய்த்தாலும் கோறணமேந்தில் மேய்க்கவேண்டும் என்பது அரசாங்க வேலையைப் பற்றி யாழ்ப்பாணத்தில் நெடுங்காலம் வழங்கும் சொல். வற்றாத ஆறில்லாத இந்தக் குடாநாட்டில் மாதச் சம்பளமும் ஓய்வூதியமும் ஒரு குடும்பத்துக்கு எவ்வளவு பெரிய பிடிமானம் என்பதை அறிந்தவர்கள் சொன்ன சொல் அது. அதனால் வெற்றிடம், நியமனம், இடமாற்றம் என்பவை இங்கே கந்தோரோடு நிற்பதில்லை, வீட்டுக்குள்ளும் வந்துவிடுகின்றன. அவை பற்றிய வழக்குகளை ஆராயக் கூடியிருக்கும் நாம் கோடீஸ்வரன் வழக்கிலிருந்து தொடங்க வேண்டும்.

கேகாலைக் கச்சேரியில் எழுதுவினைஞராயிருந்த செல்லையா கோடீஸ்வரன் சிங்களத் தேர்ச்சிப் பரீட்சைக்குத் தோற்றவில்லை. 1961 டிசம்பரில் வெளியான திறைசேரிச் சுற்றறிக்கையின்படி 1962இல் அவருடைய சம்பள ஏற்றம் நிறுத்தப்பட்டது. கொழும்பு மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிரெட்சர் 1964இல் அவருக்குச் சார்பாகத் தீர்த்தார். சிங்களத்தை அரசகரும மொழியாக்கிய 1956ஆம் ஆண்டின் அரசகரும மொழிச் சட்டம், பாரபட்சமான சட்டங்களைத் தடுத்த சோல்பரி யாப்பின் 29ஆம் பிரிவுக்கு முரணானது என்றார். 1967இல் உயர் நீதிமன்றம் மொழிப் பிரச்சினைக்குள் நுழையவேயில்லை. முடியின் ஊழியர் சம்பளத்துக்காக வழக்காட முடியாது என்று வாசலிலேயே அவரைத் திருப்பியது. 1969 டிசம்பரில் லண்டன் கோமறைக் கழகம் அந்தத் தடையை நீக்கியது. உழைத்த சம்பளத்துக்கு அரச ஊழியர் வழக்காடலாம் என்றது. ஆனால் மொழிச் சட்டம் செல்லுமா என்பதைத் தான் தீர்க்காமல் உயர் நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்பியது. 1971இல் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடு ஒழிந்தது. 1972இல் 29ஆம் பிரிவும் புதிய யாப்பில் இல்லாமற் போனது. 'நீ வழக்காடலாமா?' என்ற கேள்விக்கு ஏழு ஆண்டுகள் போயின. 'உனக்குச் செய்தது சரியா?' என்ற கேள்விக்கு இறுதிவரை விடை கிடைக்கவில்லை.

அந்த வாசற்படித் தகராறு இன்னும் ஓயவில்லை என்பதே என் வாதம். இன்றைய யாப்பின் கீழ், பொதுச் சேவை ஆணைக்குழுவின் தீர்மானத்தால் பாதிக்கப்படுபவர் நிர்வாக மேன்முறையீட்டு நியாய சபைக்குப் போகலாம். அல்லது ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு தாக்கல் செய்யலாம். இரண்டுக்கும் கொழும்புக்குத்தான் போகவேண்டும். இடமாற்றப்பட்டவர் கையில் இருப்பதோ ஒற்றைத் தாள்: பெயர், பதவி, பழைய நிலையம், புதிய நிலையம், கடமையேற்க வேண்டிய திகதி, 'சேவையின் தேவை கருதி' என்ற மூன்று சொற்கள். எந்தத் தேவை, எந்த வெற்றிடம், ஏன் இவர் என்ற எதுவும் அதில் இல்லை. காரணம் தெரியாதவர் எதை மறுத்து மனு எழுதுவது? அந்த ஒரு மாதத்தின் பெரும்பகுதி காரணத்தைத் தேடுவதிலேயே கழிகிறது.

ஒவ்வொரு இடமாற்றமும் நீதிமன்றத்துக்குப் போனால் நெடுந்தீவுக்கும் வன்னிக்கும் ஆசிரியர் யார் போவார் என்று நிருவாகத்தினர் கேட்பர். நியாயமான கேள்விதான். குறிகட்டுவானில் படகேறிப் போகவேண்டிய பள்ளிக்கூடத்துப் பிள்ளைக்கும் ஆசிரியர் வேண்டும். அந்தப் பிள்ளையின் உரிமை ஆசிரியரின் வசதியை விடப் பெரிது. ஆனால் கஷ்டப் பிரதேச சேவையை ஒருவர் முடித்திருக்க, இன்னொருவர் நகரத்திலேயே இருக்கிறாரா என்பதை வெற்றிடப் பட்டியலும் சேவைக்கால விபரமும் வெளியே வந்தால்தான் எவரும் அறியமுடியும். பட்டியல் மூடியிருக்கும்வரை செல்வாக்குள்ளவர் தப்புகிறார் என்ற சந்தேகம் தீராது; நேர்மையான இடமாற்றமும் அந்தச் சந்தேகத்தில் அடிபடும். நீதிமன்றம் நிருவாகத்தை நடத்தக்கூடாது என்பதும் சரியே. காரணம் எழுதும்படி கேட்பது நடத்துவதாகாது. 2016ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் 35ஆம் பிரிவு, தீர்மானத்தால் பாதிக்கப்பட்டவர் கேட்டால் காரணம் சொல்லவேண்டும் என்று அதிகாரிகளை ஏற்கனவே கட்டுப்படுத்துகிறது. கேட்டபின் தரவேண்டிய அந்தக் காரணத்தைக் கடிதத்திலேயே இரண்டு வரியில் எழுதிவிடலாம். அதற்குப் புதிய சட்டம் வேண்டாம். ஒரு சுற்றறிக்கை போதும். அதன் வாசகம் எப்படி அமையவேண்டும் என்பதை இன்று பிற்பகல் அமர்வில் எழுதிப் பார்க்கும்படி உங்களைக் கேட்டுக்கொள்கிறேன்.