பொன்னகரத்து இருள்

இரயிலே ஓடாத தீவில் இரயில் பயணச்சீட்டுப் பதிவு செய்யும் எழுத்தன் நான். இலக்கியம் பேசத் துணிந்தமையைப் பொறுத்தருள வேண்டும்.

புதுமைப்பித்தன் என்னும் சொ. விருத்தாசலம் 1906-இல் பிறந்தார். நம் செல்லுலர் சிறை கட்டி முடிந்ததும் அவ்வாண்டே. 'மணிக்கொடி'யில் எழுதியவர், 'தினமணி'யில் உதவியாசிரியராய் இருந்தவர். 1948-இல் மறைந்தபோது வயது நாற்பத்திரண்டே.

நாளேட்டில் நகரத்துச் சந்துகள் இடம்பெறுவது எவ்வாறு? கைது, அபராதம், இரண்டு வரி. அவ்வரிகளுக்குப் பின்னிருந்த அணைந்த அடுப்பைக் கண்டவர் அவர். 1934-இல் வெளிவந்த 'பொன்னகரம்' கதையில் அம்மாளு ஆலைத் தொழிலாளி. கணவன் முருகேசன் குதிரை வண்டிக்காரன். குடிவெறியில் வண்டியோட்டி அடிபட்டுக் கிடக்கிறான். அவன் கேட்பது பால் கஞ்சி. கையில் காசில்லை. இருண்ட சந்தில் ஒருவனோடு மறைந்து முக்கால் ரூபாய் ஈட்டுகிறாள். காவல் நிலையக் குறிப்பேட்டில் கஞ்சிக்கு ஏது இடம்?

"குடும்பத்தார் கூடும் விழாவில் இக்கதையா?" என நண்பரொருவர் தடுத்தார். வேற்றூராயின் நானும் தயங்கியிருப்பேன். இதுவோ 1858 முதல் கைதிகளைக் கொணர்ந்து குடியேற்றிய மண். அவர்தம் வழித்தோன்றல்கள் நம் அண்டை வீட்டார்; நம்முள்ளும் சிலர் இருக்கலாம். பழைய ஏடுகளில் அம்மூதாதையர் பெயருக்கெதிரே உள்ளவை எண்ணும் குற்றமும் தண்டனைக் காலமுமே. அன்று வீட்டில் யார் பசித்திருந்தார் என எவரும் எழுதி வைக்கவில்லை. பிள்ளைகள் வினவினால் பேச்சை மாற்றுகிறோம்.

அவருடைய கதைத் தொகுதி நம் சங்க நூலகத்தில் ஒன்றே உண்டு. எடுத்துச் சென்ற அன்பர் திருப்பித் தந்தால் ஏனையோரும் படிக்கலாம்.