தசை தளர்த்தும் மருந்தும் அதற்கு எழுதும் நம்பரும்



ஆஸ்பத்திரிக் கணக்கில் எழுதப்படும் நம்பரைப் பற்றிப் பேசப் போகிறோம் என்றவுடன், இது குமாஸ்தாக்களுடைய சங்கதியாயிற்றே, நமக்கு இதில் என்ன வேலை என்று உங்களில் சிலர் நினைக்கக்கூடும். நாமும் முதலில் அப்படித்தான் நினைத்தோம். ஆனால், ஒரு மனிதன் எதனால் செத்தான் என்று எழுதுகிற இடத்தில் பொய் நுழைந்துவிட்டால், அடுத்தவனும் அதே விதமாய்ச் சாக நேரிடுமாதலால், இது நம் எல்லோருடைய சங்கதியுமேயாகும்.

தென் அமெரிக்கக் காட்டு ஜனங்கள் அம்பு முனையில் தடவி வந்த குராரே என்னும் விஷத்தை, கனடா தேசத்து மாண்ட்ரியால் நகரில் 1942-ம் வருஷம் ஜனவரியில், கிரிஃபித், ஜான்சன் என்கிற இரண்டு டாக்டர்கள் ஆபரேஷன் மேஜையில் உபயோகித்து, நோயாளியின் தசைகளைத் தளரச் செய்தார்கள். அந்த வழியில் வந்த மருந்துகள் இன்று அநேகம். இவற்றைப் பற்றி முக்கியமாய்த் தெரியவேண்டியது என்னவெனில், இவை தூக்கம் தருகிற மருந்துகளல்ல. புத்தி விழித்தபடியே இருக்க, கை, கால், கண்ணிமை, மூச்சு விடும் தசை எல்லாம் நின்றுபோகும். ஆகவே, மயக்க மருந்தும், மூச்சு யந்திரமும், தெரிந்த ஆளும் பக்கத்திலில்லாமல் இவற்றைத் தொடவே கூடாது.

அமெரிக்கா தேசத்து ஆஸ்பத்திரிகள் 2015-ம் வருஷம் அக்டோபர் முதல் கையாண்டு வரும் நோய்ப் பட்டியலில் இம்மருந்துகளுக்கு டி 48.1 என்று நம்பர். அதோடு ஒட்டி வருகிற ஆறாவது இலக்கத்தில்தான் சூட்சுமமெல்லாம் இருக்கிறது. சரியான மருந்தை, சரியான அளவில், சரியானபடி கொடுத்தும் கெடுதல் நேர்ந்தால் 5. உதாரணமாக, சக்சினில்கோலின் என்ற மருந்தைச் சிதைக்கும் சத்து சிலருக்குப் பிறவியிலேயே குறைவு. மற்றவர்களுக்குச் சில நிமிஷத்தில் தீருவது அவர்களுக்கு மணிக்கணக்கில் நீடித்து மூச்சை நிறுத்தி வைக்கும். இதில் கொடுத்தவர் பேரில் பிசகில்லை. ஆதலால், நேர்ந்த கெடுதலை முதலில் எழுதி, மருந்தின் நம்பரை அப்புறம் எழுத வேண்டும். ஆனால் மருந்து மாறியோ, அளவு மிஞ்சியோ தவறுதலாய்க் கொடுக்கப்பட்டிருந்தால் 1. அதன் பெயர் விஷம். அதைத்தான் முதலில் எழுத வேண்டும். 5 போட வேண்டிய இடத்தில் 1 போட்டால் நிரபராதியின் தலையில் பழி. 1 போட வேண்டிய இடத்தில் 5 போட்டால் பிசகு மூடிப்போகும்.

இரண்டும் இல்லாமல், ஒன்றுமே நடவாதது போல் எழுதினால் என்ன ஆகும்? டென்னஸீ மாகாணம் நாஷ்வில் நகரில், வாண்டர்பில்ட் ஆஸ்பத்திரியில், 2017 டிசம்பரில் நடந்ததைச் சொல்லுகிறோம். 75 வயது அம்மாள் ஒருவர் மூளை இரத்தக் கசிவுக்காகச் சேர்ந்து, தேறி வந்தார். படம் பிடிக்கும் யந்திரத்துக்குள் போகப் பயந்ததால், பயம் தெளிய வெர்செட் என்ற மருந்து கொடுக்கச் சொன்னார்கள். நர்சு, மருந்துப் பெட்டியின் கம்ப்யூட்டரில் அந்தப் பெயரின் முதல் இரண்டு எழுத்தை அடித்தார். பெட்டியோ வேறு பெயர்வரிசையில் தேடி, வெக்குரோனியத்தைக் காட்டிற்று. வெர்செட் திரவம், இதுவோ கரைத்துக் கொடுக்க வேண்டிய பொடி. மூடியிலும் எச்சரிக்கை அச்சிட்டிருந்தது. அவ்வளவும் கவனிக்கப்படாமல் மருந்து ஏறிவிட்டது. அந்த அம்மாள் கூப்பிடவும் முடியாமல் கிடந்து, மறுநாள் மாண்டார்.

நர்சு தன் பிசகை உடனே ஒப்புக்கொண்டார். ஆனால் மரண சர்டிபிகேட்டில் என்ன எழுதப்பட்டது தெரியுமா? மூளை இரத்தக் கசிவு, இயற்கை மரணம்! பெயர் தெரியாத ஒருவர் சர்க்காருக்கு எழுதிப்போட்டு, 2018-ல் இன்ஸ்பெக்டர்கள் வந்து விசாரித்த பிறகுதான் விஷயம் வெளியாயிற்று. வெக்குரோனியத்தால் நேர்ந்த விபத்து என்று சர்டிபிகேட் 2019-ல் திருத்தப்பட்டது. நர்சை 2022 மார்ச்சில் ஜூரிகள் குற்றவாளி என்றார்கள். மே மாதத்தில் மூன்று வருஷ நன்னடத்தைக் கண்காணிப்பு விதிக்கப்பட்டது. இயற்கை என்று எழுதிய பேனாவுக்கு என்ன தண்டனை என்று கேட்க நமக்கு ஆசைதான்!

நம்பரைத் திருத்தினால் செத்தவர் எழுந்து வருவாரா என்று நீங்கள் கேட்கலாம். வரமாட்டார். ஆனால் சங்கதி வெளியான பிறகே, குறைந்தது ஐந்து எழுத்தாவது அடித்தால்தான் பெட்டி மருந்தைக் காட்ட வேண்டும் என்ற யோசனை எழுந்தது. இயற்கை மரணம் என்றே இருந்திருந்தால், பெட்டியைத் திருத்த யாருக்குத் தோன்றும்? “ஆயுசு அவ்வளவுதான்” என்று நம் ஊரில் சொல்லிவிட்டுப் போவதும் இதே சர்டிபிகேட்டுதான்.

இன்னும் ஒன்று. சொன்னதைவிடக் குறைவாய்ச் சாப்பிட்டாலும், பாதியில் நிறுத்தினாலும் அதற்கு 6. முதுகுத்தண்டு அடிபட்டுக் கை கால் விறைத்தவர்கள் சாப்பிடும் பாக்லோஃபென், டி 42.8 என்ற வேறு வகுப்பைச் சேர்ந்தது. அதைத் திடீரென்று நிறுத்தினால் காய்ச்சலும் வலிப்பும் கண்டு, உயிரே போகக்கூடும். ஏன் நிறுத்தினான் என்பதற்கும் அந்தப் பட்டியலில் தனி நம்பர்கள் வைத்திருக்கிறார்கள். தள்ளாமையால் தவறியவனுக்கு ஒன்று. வாங்கப் பணமில்லாமல் நிறுத்தினவனுக்கும் ஒன்று உண்டு, இசட் 91.120 என்று.