இமாம் கஸ்ஸாலி (ரஹ்) காட்டிய நீர்க்கடிகாரம்

(ஜமாஅத் ஆண்டுக் கூட்டத்தில் ஆற்றிய உரை)

 



"எல்லாம் தக்தீர் படிதான் நடக்கும்" என்ற சொல்லை நாம் அடிக்கடி கேட்கிறோம். துன்பம் நேர்ந்த பின் ஆறுதலாகச் சொல்லப்படும்போது அது ஈமானின் சொல். ஆனால் பிள்ளையின் படிப்பு பாதியில் நிற்கும்போதும், நோயாளியை மருத்துவரிடம் அழைத்துச் செல்லத் தாமதிக்கும்போதும் அதே சொல் ஒரு சாக்காக மாறிவிடுகிறது. மற்றொரு புறத்தில், பிரபஞ்சம் தானே ஓடும் ஓர் இயந்திரம், அதற்கு இறைவன் எதற்கு என்று கேட்போரும் உளர். இவ்விரு சாராருக்கும் ஒரே உவமையில் விடையளித்த நூலொன்று சுமார் 900 ஆண்டுகளாக நம்மிடம் இருக்கிறது.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பிரபஞ்ச இயந்திரத்தின் இரகசியம் எல்லாம் ஏதோ ஒரு பழைய ஏட்டில் எழுதப்பட்டிருப்பதாகக் கைபேசிகளில் செய்திகள் உலவுகின்றன. எந்த ஏடு, எழுதியவர் யார் என்று கேட்டால் பதில் இராது. மார்க்கத்தை உயர்த்துவதாக எண்ணி இல்லாத நூலைப் புனைவது மார்க்கத்திற்குச் செய்யும் தொண்டன்று. உண்மையான நூல்களே நம்மிடம் ஏராளமாக இருக்கின்றன. அவற்றைத் திறந்து பார்ப்போர்தாம் குறைவு.

ஹுஜ்ஜத்துல் இஸ்லாம் இமாம் அபூஹாமித் அல்கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் 1058ஆம் ஆண்டு தூஸ் நகரில் பிறந்து, 1111ஆம் ஆண்டு அங்கேயே மறைந்தார்கள். அல்லாஹ்வின் திருநாமங்களுக்கு விளக்கமாக அவர்கள் எழுதிய நூல் 'அல்மக்ஸதுல் அஸ்னா'. அதில் 'அல்ஹகம்', அதாவது தீர்ப்பளிப்பவன் என்னும் திருநாமத்தை விளக்கும் இடத்தில், தொழுகை நேரங்களை அறிய உதவும் கடிகாரப் பெட்டியை உவமையாக எடுத்துக்கொள்கிறார்கள்.

அது நீரால் இயங்குவது. உருளை வடிவான பாத்திரம் ஒன்றில் குறிப்பிட்ட அளவு நீர் இருக்கும். அதன்மேல் உள்ளீடற்ற மிதவை ஒன்று மிதக்கும். மிதவையில் கட்டிய நூலின் மறுமுனை, மேலே வைக்கப்பட்ட ஒரு சிறு கிண்ணத்தின் அடியில் கட்டப்பட்டிருக்கும். கிண்ணத்துக்குள் ஒரு குண்டு. அதற்குக் கீழே ஒரு தட்டு. பாத்திரத்தின் அடியில் அளந்து இட்ட துளை வழியே நீர் சிறிது சிறிதாக வெளியேறும். நீர் இறங்க மிதவை இறங்கும். மிதவை இறங்க நூல் இழுபடும். கிண்ணம் சாய்ந்து, குண்டு தட்டில் விழுந்து ஒலி எழுப்பும். ஒரு மணி நேரம் கழிந்தது என்பதற்கு அதுவே அடையாளம்.

குண்டு விழும் நேரத்தை எது தீர்மானிக்கிறது? துளையின் அளவு. துளை சற்றே பெரிதானால் ஒலி முந்தும்; சிறிதானால் பிந்தும். இந்தக் கருவியில் இமாமவர்கள் மூன்று படிகளைப் பிரித்துக் காட்டுகிறார்கள். என்னென்ன வேண்டும் என்று முதலில் வகுத்துக்கொண்ட திட்டம் 'ஹுக்மு'க்கு உவமை. பாத்திரத்தையும் மிதவையையும் நூலையும் உண்டாக்கி நிலைநிறுத்தியது 'களா'வுக்கு உவமை. துளையின் அளவால் ஒவ்வோர் அசைவும் கணக்காக நிகழ்வது 'கத்ரு'க்கு உவமை. மத்ரஸாவில் அகாயித் பாடம் ஓதும் மாணவர்கள் திணறும் மூன்று சொற்களை, பள்ளிவாசலில் எவரும் காணக்கூடிய ஒரு பொருளைக் கொண்டு விளங்க வைத்துவிட்டார்கள்.

பின்னர் அவர்களின் பார்வை வானத்தை நோக்கி உயர்கிறது. வானங்களும் விண்மீன்களும் சூரிய சந்திரரும் அந்தக் கருவியின் பாகங்களைப் போன்றவை. அவற்றின் கணக்கிட்ட ஓட்டம் துளை வழி இறங்கும் நீரைப் போன்றது. சூரியன் உதித்ததும் ஒளி பரவுகிறது, மனிதர் தத்தம் வேலைக்குக் கிளம்புகின்றனர். அது மறைந்ததும் வீடு திரும்புகின்றனர். அதன் பாதை உச்சியை நெருங்கும் காலத்தில் வெப்பம் மிகுந்து கனிகள் பழுக்கின்றன; விலகும் காலத்தில் குளிர் வருகிறது.

உவமையில் நம்மைச் சிந்திக்க வைக்கும் இடம் ஒன்றுண்டு. தட்டில் குண்டு விழுவதோடு சங்கிலி முடிந்துவிடுவதில்லை. ஒலி எழுகிறது, கேட்டவர் நேரமாயிற்று என்று உணர்கிறார், எழுந்து தொழுகைக்கும் வேலைக்கும் செல்கிறார். மனிதர் எழுந்து நடப்பதையும் இமாமவர்கள் அந்தச் சங்கிலியிலேயே சேர்த்துவிட்டார்கள். படிப்பு நின்ற பிள்ளைக்காகத் தந்தை நாலு பேரிடம் சென்று கேட்பதும், ஜமாஅத் அதற்கு ஏற்பாடு செய்வதும் தக்தீருக்கு வெளியே நிற்கும் செயல்கள் அல்ல.

இமாமவர்கள் ஒரு காலத்தில் தங்கியிருந்த டமாஸ்கஸ் உமய்யாப் பள்ளியின் ஜைரூன் வாயிலில் பின்னாளில் பெரியதொரு நீர்க்கடிகாரம் அமைந்தது. 1184இல் அங்கு வந்த பயணி இப்னு ஜுபைர் அதைக் கண்டு எழுதியுள்ளார். இரு பித்தளைப் பருந்துகள் தம் அலகிலிருந்து குண்டுகளைப் பித்தளைத் தட்டுகளில் விடும். ஒரு மணிக்கு ஒரு கதவு மூடிக்கொள்ளும். இரவில் விளக்கொளி நேரம் காட்டும். கதவுகளை மீண்டும் திறந்து, குண்டுகளை இடத்தில் சேர்க்க அதில் தேர்ந்த ஒருவர் பொறுப்பில் இருந்தார் என்றும் குறித்திருக்கிறார்.

ஐரோப்பாவில் 1656இல் ஹைகன்ஸ் ஊசல் கடிகாரத்தை உருவாக்கிய பின், பிரபஞ்சத்தைக் கடிகாரத்துக்கு ஒப்பிடுவது அறிஞரிடையே பெருவழக்காயிற்று. 1715, 1716ஆம் ஆண்டுகளில் லைப்னிட்ஸ் என்பவரும், நியூட்டனின் சார்பில் கிளார்க் என்பவரும் கடிதம் வழியே இதுபற்றி வாதிட்டனர். இறைவன் தன் கடிகாரத்தை அவ்வப்போது சரிசெய்ய வேண்டுமென்றால் அவன் என்ன தொழிலாளி என்று கேட்டார் லைப்னிட்ஸ். தானே ஓடும் கடிகாரம் என்றால் இறைவனின் ஆட்சியையே உலகிலிருந்து வெளியேற்றியதாகும் என்றார் கிளார்க். இமாமவர்களை இந்தத் தர்க்கத்தில் எளிதாகச் சிக்க வைக்க இயலாது. பஞ்சு நெருப்பில் பட்டு எரிவதில்கூட, எரிக்கும் ஆற்றல் நெருப்புக்குச் சொந்தமன்று, அல்லாஹ்வின் படைப்பே என்று 'தஹாஃபுதுல் ஃபலாஸிஃபா'வில் வாதித்தவர்கள் அவர்கள். எனவே அவர்களின் கடிகாரத்தில் நீர் தானாக இறங்குவதில்லை; ஒவ்வொரு துளியும் அவன் நாட்டத்தால் இறங்குகிறது.

முடிவு முன்பே எழுதப்பட்டிருந்தால் முயற்சி எதற்கு என்னும் கேள்வியையும் அதே பகுதியில் அவர்கள் எடுத்துக்கொள்கிறார்கள். ஸஹாபாக்கள் நபி (ஸல்) அவர்களிடமே கேட்ட கேள்வி அது. செயலைக் கைவிட வேண்டாம், செயல்படுங்கள் என்பதே அங்குக் கிடைத்த மறுமொழி. இமாமவர்கள் அதை ஒரு மாணவனை வைத்து விளக்குகிறார்கள். ஃபிக்ஹில் இமாமாக உயர விரும்பும் ஒருவன், எனக்கு அது எழுதப்பட்டிருந்தால் ஓதாமலே கிடைக்கும், எழுதப்படாவிட்டால் ஓதியும் பயனில்லை என்று கிதாபை மூடி வைக்கிறான். அந்த எண்ணம் அவன்மேல் ஆதிக்கம் செலுத்துவதே, அவனுக்கு எழுதப்பட்டது அறியாமை என்பதற்கு அடையாளம் என்கிறார்கள் இமாமவர்கள். எவனுக்கு அந்த உயர்வு எழுதப்பட்டதோ, அவனுக்கு அதன் காரணங்களும் சேர்த்தே எழுதப்பட்டன. அவனைக் கிதாபின் முன் அமர வைப்பதும், சோம்பலுக்கு அழைக்கும் அந்த எண்ணத்தை அவன் உள்ளத்திலிருந்து அகற்றுவதும் அந்த எழுத்தில் அடங்கும்.