தள்ளுபடியான மனுவும் தரியாவோ தீர்ப்பும்

ஒரு நீதிமன்றம் மறுத்துவிட்ட கோரிக்கையை இன்னொரு நீதிமன்றம் மறுபடி விசாரிக்கலாமா என்ற கேள்விக்கு இந்தியாவில் முதல் விடை, 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 11ஆம் பிரிவில் இருக்கிறது. அதே தரப்பினரோ அவர்கள் வழியாக உரிமை கோருபவர்களோ, முன்பு தகுந்த அதிகாரமுள்ள நீதிமன்றத்தில் வழக்காடி இறுதியாகத் தீர்க்கப்பட்ட பிரச்சினையைப் புதிய வழக்காகக் கொண்டுவர இயலாது என்னும் இவ்விதியே முன்தீர்ப்புத் தடை எனப்படும். நீதிமன்ற வராந்தாக்களில் 'ரெஸ் ஜுடிகேட்டா' என்று காதில் விழுவதும் இதுவே. மேல்முறையீடு அதே வழக்கின் அடுத்த படியாதலால் அதற்கு இந்தத் தடை கிடையாது.

நிலத் தகராறுகளுக்கு ஏற்ற இவ்விதி, அடிப்படை உரிமை பறிபோனதாகச் சொல்லி வருபவரையும் தடுக்குமா என்பதுதான் உண்மையில் சுவையான சிக்கல். அரசமைப்புச் சட்டத்தின் 226ஆம் பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் தோற்றவர், 32ஆம் பிரிவின்கீழ் நேரே உச்ச நீதிமன்றத்தை நாட முடியுமா என்ற கேள்வியை 1961இல் தரியாவோ வழக்கு எழுப்பியது.

அவ்வழக்கின் மனுதாரர்கள் உத்தரப் பிரதேசக் குத்தகைதாரர்கள். 1947 ஜூலையில் வகுப்புக் கலவரத்துக்கு அஞ்சி ஊரைவிட்டுச் சென்ற அவர்கள், நவம்பரில் திரும்பியபோது நிலம் பிறர் கையில் இருந்தது. வழக்குப் போட்டு வென்று நிலத்தை மீட்ட பின்னும், இடையில் வந்த சட்டத் திருத்தத்தைக் காட்டி 1954இல் வருவாய் வாரியம் அவர்களுக்கு எதிராகத் தீர்த்தது. அலகாபாத் உயர் நீதிமன்றம் வேறொரு வழக்கில் முன்பே அத்திருத்தத்துக்குப் பொருள் கூறிவிட்டிருந்ததால், அவர்களுடைய வழக்குரைஞரால் அங்கே வாதத்தை வலியுறுத்த முடியாமல் போய், மனு தள்ளுபடியானது. மேல்முறையீட்டை நாடாமல் உச்ச நீதிமன்றத்தில் புதிய மனு தாக்கலாயிற்று.

நீதிபதி கஜேந்திரகட்கர் எழுதிய ஐவர் அமர்வுத் தீர்ப்பு, வழக்காடலுக்கு ஒரு முடிவு வேண்டும் என்பது வெறும் நடைமுறை நுட்பமன்று, பொதுநலன் சார்ந்த கொள்கை என்று கூறி மனுவை ஏற்க மறுத்தது. ஆனால், தள்ளுபடி என்ற சொல் மட்டுமே தடையாகாது என்றும் அத்தீர்ப்பு விளக்கியது. உயர் நீதிமன்றம் வழக்கின் உட்பொருளை ஆராய்ந்து மறுத்திருந்தால் தடை உண்டு. காலதாமதத்துக்காகவோ, வேறு பரிகாரம் இருக்கிறது என்பதற்காகவோ திருப்பி அனுப்பியிருந்தால் பொதுவாகத் தடை இல்லை. காரணம் எதுவும் கூறாமல் தொடக்கத்திலேயே ஒற்றைச் சொல்லில் தள்ளியிருந்தாலும், மனுதாரரே திரும்பப் பெற்றிருந்தாலும் தடை இல்லை. ஆகவே பழைய ஆணையின் நகலை வரிவரியாகப் படிப்பதே இத்தகைய வழக்குகளில் முதல் வேலை. தரியாவோ தரப்பினருக்கு எதிரான ஆணையோ உட்பொருள் பற்றியதாகவே கொள்ளப்பட்டது.

சட்டவிரோதக் காவலை எதிர்க்கும் ஆட்கொணர்வு மனுவில் இந்த வேலியும் தளர்கிறது. 1966இல் குலாம் சர்வார் வழக்கில், உயர் நீதிமன்றம் மறுத்த ஆட்கொணர்வுக் கோரிக்கையை உச்ச நீதிமன்றம் புதிதாகக் கேட்கத் தடையில்லை என்று தலைமை நீதிபதி சுப்பா ராவ் கூறினார். அவ்வாறு கேட்டு முடித்த பின், அம்மனுவையும் நீதிமன்றம் தள்ளுபடியே செய்தது.