வரதராஜ முதலியார்: கதையும் மெய்யும்

(சத்துவாச்சாரியில் நடைபெற்ற வட்டத்தின் பத்தாம் ஆண்டு நிறைவு விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



இத்தகைய விழாவில் சங்கப் பாடலைப் பற்றியோ பாரதியைப் பற்றியோ பேசுவதுதான் மரபு. நானோ பம்பாயில் கள்ளச்சாராயம் விற்று ஆண்ட ஒருவரைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். காரணம் உண்டு. ஒரு மனிதர் உயிரோடிருக்கும்போதே அவரைப் பற்றிய கதை பிறந்து, வளர்ந்து, இறுதியில் அவரையே விழுங்கிவிடுவது எப்படி என்பது கவிஞர்களாகிய நம் தொழிலோடு ஒட்டிய கேள்வி. கதை கட்டுவது நம் கைத்தொழில். கட்டும்போது எதைக் கழித்துவிடுகிறோம் என்று பார்ப்பதும் நம் கடமையே. அதற்கு நமக்கு மிக அருகில் இருக்கும் சான்று வரதராஜ முதலியார்.

'அருகில்' என்று நான் சொன்னதிலேயே முதல் சிக்கல் இருக்கிறது. முதலியார் நம் வேலூர்ப் பக்கத்தவர் என்று எழுதியவர்கள் உண்டு. தூத்துக்குடிக்காரர் என்று எழுதியவர்களும் உண்டு. ஒருவர் இரண்டு ஊர்களில் பிறக்க முடியாது. ஆனால், 1987 அக்டோபரில் தீபாவளிக்கு வெளிவந்த மணிரத்னத்தின் 'நாயகன்' படத்தில் வேலு நாயக்கர் தூத்துக்குடியில் பிறக்கிறார். அப்படத்துக்குப் பின்னர் எழுதப்பட்ட வாழ்க்கைக் குறிப்பு எதிலேனும் 'தூத்துக்குடி' என்று கண்டால், அது ஊர்ப் பதிவேட்டிலிருந்து வந்ததா, வெள்ளித்திரையிலிருந்து வந்ததா என்று கேட்டுத்தான் ஆகவேண்டும். நம்மூர்க்காரர் என்று உரிமை கொண்டாட விரும்பும் நம்மிடமும் அதே கேள்வியைக் கேட்கவேண்டும். பெருமையும் சான்றாகிவிடாது.

எல்லாத் தரப்பாரும் ஒப்பும் செய்திகளை மட்டும் முதலில் வரிசைப்படுத்துவோம். விக்டோரியா டெர்மினஸ் ரயில் நிலையத்தில் சுமைகூலியாகத் தொடங்கியவர் முதலியார். 1949ஆம் ஆண்டின் பம்பாய் மதுவிலக்குச் சட்டம் குடியை நிறுத்தவில்லை. குடியைச் சந்துகளுக்குள் தள்ளியது. அச்சந்துகளில் சாராய வணிகத்தை நடத்தி அவர் உயர்ந்தார். துறைமுகச் சரக்குத் திருட்டிலும் அவர் பெயர் அடிபட்டது. தாராவி, மாதுங்கா, ஆண்டாப் ஹில் பகுதிகளில் அவர் சொல் செல்லுபடியாயிற்று. ஹாஜி மஸ்தான், கரீம் லாலா ஆகியோரோடு மூவருள் ஒருவராக எண்ணப்பட்டார். மாதுங்காவில் அவர் போட்ட விநாயகர் சதுர்த்திப் பந்தல் நகரமே திரண்டு பார்த்த பந்தல். எண்பதுகளின் நடுவில் ஒய்.சி. பவார் என்ற காவல்துறை அதிகாரியின் நடவடிக்கைகளால் அவரது வணிகம் முறிந்தது. சென்னைக்கு வந்து சேர்ந்தவர் 1988 ஜனவரியில் நோயால் இறந்தார்.

இனிப் படத்தைப் பாருங்கள். வேலுவின் தந்தை தொழிற்சங்கத் தலைவர்; காவலரால் கொல்லப்படுகிறார். சிறுவன் அந்தக் காவலரைக் குத்திவிட்டுப் பம்பாய்க்கு ஓடுகிறான். அதாவது, அவன் செய்யப்போகும் குற்றங்கள் எல்லாவற்றுக்கும் முதல் காட்சியிலேயே நியாயம் கற்பிக்கப்பட்டுவிடுகிறது. இறுதியில் நீதிமன்றத்தில் விடுதலை பெற்று வெளியே வருகையில், தன்னால் கொல்லப்பட்ட அதிகாரியின் மகன் கையாலேயே சுடப்பட்டு மடிகிறார். வினை விதைத்தவன் வினை அறுத்தான் என்ற நிறைவு நமக்குக் கிடைக்கிறது. மெய்யான மனிதருக்கு அப்படிப்பட்ட காவிய முடிவு வாய்க்கவில்லை. படம் வெளிவந்து மூன்று மாதம் முடியுமுன் நோயில் இறந்தார். நம்மில் பலர் மனத்தில் பதிந்திருக்கும் தாராவியின் பெரும்பகுதிகூடத் தோட்டா தரணி சென்னை வீனஸ் ஸ்டுடியோவில் எழுப்பியதே. படத்தை நான் குறை கூறவில்லை, அது கலை. கலையைச் சாட்சிக் கூண்டில் ஏற்றும் நம் பழக்கத்தைத்தான் குறை கூறுகிறேன்.

ஆனால் கதை வெறும் காற்றில் பிறப்பதில்லை. 1966இல் சிவசேனை தோன்றியது. தென்னிந்தியருக்கு எதிரான அதன் முழக்கங்கள் பம்பாய்த் தமிழரை அச்சுறுத்திய காலம் அது. குடிசைக்குக் குழாய் இல்லை, காவல் நிலையத்தில் முறையிட்டால் கேட்பார் இல்லை, மொழியும் துணையில்லை. அப்போது தமிழில் பேசி, தமிழில் தீர்ப்புச் சொல்லி, பசித்தவனுக்குச் சோறு போட்ட ஒருவரை மக்கள் எப்படி நினைத்திருப்பார்கள்? ரயில் நிலையத்தை ஒட்டிய பிஸ்மில்லா ஷா பாபா தர்காவில் அவர் ஏழைகளுக்கு உணவளித்தார் என்ற செய்தியை நான் மறுக்கவில்லை. 1930இல் சிகாகோவில் அல் கபோனும் வேலையற்றோருக்குக் கஞ்சித்தொட்டி திறந்தான். உணவு மெய்தான். அந்த உணவுக்கான பணம் யாருடைய மடியிலிருந்து வந்தது என்ற கணக்கும் மெய்தான். கதை முதலாவதைப் பாடுகிறது; இரண்டாவதைப் பாடுவதில்லை.

சிசிலித் தீவிலும் இதே நிகழ்ந்தது. சால்வத்தோரே ஜூலியானோ என்ற கொள்ளைத் தலைவன், இருப்பவரிடம் எடுத்து இல்லாதவருக்குக் கொடுப்பவன் என்று புகழ்பெற்றான். 1947 மே நாளன்று போர்தெல்லா என்ற இடத்தில் கூடிய உழவர்கள்மீது அவன் கூட்டம் சுட்டதில் 11 பேர் மாண்டனர். 1950இல் அவன் இறந்தபோது, மோதலில் சுட்டுக் கொன்றோம் என்றது காவல்துறை. தொம்மாசோ பெசோத்சி என்ற பத்திரிகையாளர் அந்தக் கதை பொய் என்று காட்டினார். பின்னர் 'காட்ஃபாதர்' எழுதிய மாரியோ பூசோ, ஜூலியானோவை வைத்து 1984இல் ஒரு நாவல் எழுதினார். அதில் நாயகன், தலைக்கு மேலே சுடும்படிதான் கட்டளையிடுகிறான். விலைபோன வேறொருவன் தாழ்த்திச் சுடுகிறான். கவனியுங்கள்: மாண்ட உழவர்களை நாவலாசிரியர் மறைக்கவில்லை, நாயகனின் கையைத்தான் கழுவிவிட்டார். 'காட்ஃபாத'ரின் நிழல் 'நாயக'னில் விழுந்திருப்பதை எல்லோரும் அறிவர். அதோடு இந்தக் கைகழுவும் கலையும் நம்மிடம் வந்துசேர்ந்தது.

வந்துசேர்ந்தது என்பதும் முழு உண்மையன்று. நம்மிடமே அது பழமையானது. காத்தவராயனையும் மதுரை வீரனையும் கதைப்பாடலாக்கித் தெய்வமாக்கியவர்கள் நாம். தென்பாண்டி நாட்டில் ஜம்புலிங்கத்துக்குச் சிந்து பாடினோம். அதிகாரத்தால் கொல்லப்பட்டவனைப் பாட்டால் மீட்பது நம் மரபின் அறம். ஆனால் அதிகாரத்தை எதிர்த்து மாண்டவனுக்கும், அதிகாரத்துக்கு மாமூல் கொடுத்து வாழ்ந்தவனுக்கும் வேறுபாடு உண்டு. பழைய பாட்டின் மெட்டைப் புதிய ஆளுக்குப் போடும்போது அந்த வேறுபாடு மறைந்துவிடுகிறது.

ஆகவே, நம்மிடையே எழுதுவோருக்கு மூன்று கேள்விகளை முன்வைக்கிறேன். ஒன்று: இந்த நிகழ்ச்சி இவருக்கு முன்னரே வேறொருவர் பெயரில் வழங்கியதுண்டா? ஏழைப் பெண்ணின் திருமணச் செலவை ஏற்ற கொள்ளையன் எல்லா நாட்டிலும் இருக்கிறான்; ஆதலால் அவன் எந்த நாட்டுக்கும் சான்றாகான். இரண்டு: இதை முதலில் சொன்னவர் யார், எந்த ஆண்டில், படம் வருமுன்னா பின்னா? மூன்று: இக்கதையில் வாய் திறவாதவர் யார்?

மூன்றாவதே எனக்கு முக்கியம். கள்ளச்சாராயத்தைப் பற்றி நம் பகுதிக்குப் பிறர் வந்து பாடம் சொல்லவேண்டியதில்லை. ஊறல் என்றால் என்ன என்று இங்கே சிறுவருக்கும் தெரியும். 2024 ஜூனில் கள்ளக்குறிச்சியில் மெத்தனால் கலந்த சாராயத்தைக் குடித்து 60க்கும் மேற்பட்டோர் இறந்தனர். அவர்களுள் ஒருவர் பெயரைக்கூட நம்மால் இப்போது சொல்ல முடியவில்லை. ஆனால் அரை நூற்றாண்டுக்கு முன்பு சாராயம் விற்றவரின் பெயர், பட்டம், பந்தலின் அழகு எல்லாம் நமக்கு மனப்பாடம். குடித்தவனுக்கும் அவன் மனைவிக்கும் கதைப்பாடல் இல்லை. துறைமுகத்தில் சரக்கு தொலைந்ததற்காகச் சந்தேகிக்கப்பட்ட கூலிக்குச் சிந்து இல்லை.

படத்தில் பேரப்பிள்ளை தாத்தாவிடம், அவர் நல்லவரா கெட்டவரா என்று கேட்கிறான். அவர் தெரியவில்லை என்கிறார். அரங்கம் கலங்குகிறது. ஆனால் அக்கேள்வி அவரிடமே கேட்கப்பட்டதால்தான் அப்படி ஒரு விடை கிடைத்தது. சாராயத்தால் கணவனை இழந்தவளிடம் கேட்டிருந்தால் அவளுக்கு விடை தெரிந்திருக்கும்.

வரதராஜ முதலியாரை அரக்கனாக்குவது என் நோக்கமன்று. அது கதையைத் திருப்பிப் போட்ட இன்னொரு கதையாகவே முடியும். சோறு போட்டார் என்பதையும் சாராயம் விற்றார் என்பதையும் ஒரே வாக்கியத்தில், 'ஆனால்' என்ற சொல்லின்றி எழுதப் பழகுவோம். அடுத்த பத்தாண்டுகளில் இவ்வட்டத்து அன்பர்களுள் ஒருவரேனும் பாலாற்றங்கரைச் சிற்றூர்களுக்குச் சென்று, அந்த விதவைகளின் சொற்களைக் கேட்டு, அவர்கள் பெயரோடு ஒரு நூல் செய்தால், இன்று நான் பேசியதற்குப் பயன் உண்டு.