கழிமுகச் சேற்றுப் புழுவும் இறால் குளமும்



மண்புழு உழவரின் நண்பன் என்பதை நாமெல்லாம் அறிவோம். அதன் தூரத்து உறவினம் ஒன்று கழிமுகச் சேற்றில் புதைந்து வாழ்கிறது. கடலோரத்தில் இறால் வளர்க்கும் விவசாயிகள் அதைப்பற்றித் தெரிந்து கொள்வது அவசியம்.

இப்புழுவின் அறிவியல் பெயர் மார்பைசா கிரேவ்லி. சில்கா ஏரியில் கண்டெடுக்கப்பட்டு, 1921ஆம் ஆண்டில் இப்பெயர் பெற்றது. மண்புழுவைப் போல் வழுவழுப்பாக இராமல், உடலின் இருபுறமும் வரிசையாகச் சிறு கால்களும் அவற்றில் முட்களும் இருக்கும். சேற்றில் வளை தோண்டி வாழும். மீனுக்கும் பறவைக்கும் இது நல்ல இரை.

இறால் குஞ்சுப் பொரிப்பகங்களிலும் இவ்வகைப் புழுக்களுக்குக் கிராக்கி உண்டு. இவற்றிலுள்ள கொழுப்பு அமிலங்கள் தாய் இறாலின் முட்டை முதிர்ச்சிக்கு உதவுகின்றன. ஆனால் சேற்றிலிருந்து தோண்டி எடுத்த புழுவை அப்படியே கொடுப்பதில் ஓர் ஆபத்து உள்ளது.

வெண்புள்ளி நோய் கண்டால் சில நாட்களிலேயே குளம் முழுவதும் இறால் மடியும். இதற்கு மருந்து இல்லை. இந்நோயின் வைரஸை இப்புழு உடலில் சுமக்கும் என்பதையும், அதைத் தின்ற டைகர் இறாலுக்கு நோய் தொற்றும் என்பதையும் நம் நாட்டு விஞ்ஞானிகள் ஆராய்ந்து 2005இல் வெளியிட்டனர்.

இதை நன்கு சிந்தித்துப் பாருங்கள். நோய் கண்ட குளத்து நீரை வாய்க்காலில் திறந்து விடுகிறோம். வைரஸ் கழிமுகச் சேற்றைச் சேர்கிறது. அங்கிருந்து புழுவுக்கும், புழுவிலிருந்து தாய் இறாலுக்கும், தாயிடமிருந்து குஞ்சுக்கும் செல்கிறது. அக்குஞ்சையே நாம் விலை கொடுத்து வாங்கி வந்து குளத்தில் விடுகிறோம்! நாம் கழித்துவிட்ட நோய் நம்மிடமே திரும்புகிறது.

எனவே கீழ்க்கண்டவற்றைக் கடைப்பிடியுங்கள்:

1. பதிவு பெற்ற பொரிப்பகத்தில் மட்டுமே குஞ்சு வாங்குங்கள். தாய் இறாலுக்கு என்ன தீவனம் தரப்படுகிறது என்று தயங்காமல் கேளுங்கள்.

2. பி.சி.ஆர். சோதனையில் வைரஸ் இல்லை என்று தெரிந்த பிறகே குஞ்சுகளை இருப்புச் செய்யுங்கள்.

3. நோய் கண்டால் மதகைத் திறக்காதீர்கள். பிளீச்சிங் பவுடர் இட்டு, நீரைத் தேக்கி வைத்து, குளோரின் நீங்கிய பின்னரே வெளியேற்றுங்கள்.

4. செத்த இறாலை வாய்க்காலில் எறியாமல், சுண்ணாம்பு இட்டுப் புதையுங்கள்.

ஒருவர் மட்டும் செய்தால் போதாது. ஒரே வாய்க்காலில் நீர் எடுக்கும் பண்ணையாளர் அனைவரும் கூடிப் பேசி இதைச் செய்தால்தான் பலன் கிட்டும்.