வாடிய மலருக்கு அஞ்சலாமா?

(திருக்கோயில் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



வாசற்படியில் வாடிய பூ கிடந்தால் நம்மில் பலர் திடுக்கிடுகின்றனர். முச்சந்தியில் எலுமிச்சம்பழம், குங்குமத்தோடு அது கிடந்தால் தாண்டாமல் விலகி நடக்கின்றனர். மலர்ந்த பூ மங்கலத்தைக் குறிப்பது. ஆகவே வாடிய பூவை இட்டால் அந்தக் குடும்பமும் வாடும் என்பது நாட்டுப்புற மாந்திரீக நம்பிக்கை.

திருக்கோயில் மரபோ வாடிய மலரை வேறுவிதமாக நோக்குகிறது. இறைவன் திருமேனியினின்று களையப்பெறும் மாலைக்கு நிர்மாலியம் என்று பெயர். குருவாயூரில் அதிகாலை 3 மணிக்கு நடை திறந்ததும், முந்தைய நாள் சாத்திய மாலையோடு பெருமானைக் காண்பது நிர்மாலிய தரிசனம். அதற்கெனவே அன்பர்கள் இரவெல்லாம் காத்திருக்கின்றனர்.

சிவாலயங்களில் நிர்மாலியத்திற்கு உரியவர் சண்டிகேசுவரர். சிவபெருமான் தாம் சூடிய கொன்றை மாலையையே அவருக்குச் சூட்டியருளியதைப் பெரியபுராணம் கூறுகிறது. முதலாம் இராசேந்திர சோழன் எடுப்பித்த கங்கைகொண்ட சோழபுரத்தில் அக்காட்சியை 11ஆம் நூற்றாண்டுச் சிற்பமாக இன்றும் காணலாம். சூடிக் களைந்த மாலை அங்கே திருவருளின் அடையாளம்.

'செய்வினை' என்னும் சொல்லையும் எண்ணிப் பாருங்கள். பிறர் நமக்கு ஏவிய தீங்கு என்று இன்று பொருள் கொள்கிறோம். தேவாரத்தில் அது நாம் செய்த வினையையே குறிக்கும். திருச்செங்கோட்டில் அடியார்களைக் குளிர்சுரம் வருத்தியபோது, திருஞானசம்பந்தர் ஏவியவர் யாரென்று தேடவில்லை. திருநீலகண்டத்தைப் போற்றிப் பதிகம் பாடினார்.

நாமோ ஒரு வாடிய பூவைக் கண்டு அண்டை வீட்டாரை ஐயுறுகிறோம். உடன்பிறந்தாரோடு பேச்சை நிறுத்துகிறோம். பிள்ளையின் நோய்க்கு மருத்துவரை நாடாமல், கழிப்புச் செய்வோரிடம் பொருளை இழக்கிறோம். மல்லிகை மாலையில் மலர்ந்து, ஈரம் வற்றி மறுநாள் வாடுகிறது. அஃது இயற்கை, எவருடைய ஏவலும் அன்று. பூ வாடுவதால் குடும்பம் கெடுவதில்லை, ஐயத்தால் கெடுகிறது.

ஆகவே அன்பர்களே! வாசலில் வாடிய பூவைக் கண்டால், இறைவன் திருப்பெயரைச் சொல்லி எடுத்துச் செடியின் அடியில் இடுங்கள். பூசையில் கழித்த மலர்களையும் திருக்குளத்தில் எறியாமல் அவ்வாறே செய்யுங்கள். அவை எருவாகி மீண்டும் மலரை வளர்க்கும். உடல் நலிந்தால் மருத்துவரிடம் செல்லுங்கள். ஐயுற்ற அண்டை வீட்டாரையும் அழைத்துக்கொண்டு திருக்கோயிலுக்கு வாருங்கள். அச்சம் தானே அகலும்.

திருச்சிற்றம்பலம்.